நூற்றாறு டிகிரி, ஒரு தரம்

குருக்கள்மடம்
21.03.1964

அன்புள்ள மருமகள் பீற்றிஸுக்கு,

உன் மாமன் மத்தேயு பல்லைக் கடித்துக்கொண்டு எழுதுவது. இரண்டு கடைவாய்ப் பல் ஏற்கெனவே தூளாகிவிட்டது. மிச்சமும் போவதற்குள் விஷயத்துக்கு வருகிறேன்.

உன் அம்மா, என் தங்கச்சி எமிலி, பஸ் கொண்டக்டரின் கையில் கொடுத்தனுப்பிய கடிதத் துண்டு காலையில் கிடைத்தது. நாலே வரி. "அண்ணன், புள்ளைய நேர்ஸ் படிப்புக்கு எடுக்கமாட்டாங்களாம். மூளைக்காய்ச்சல் வந்த ஆள் எண்டு கடுதாசி வந்திருக்கு. உங்கட ஊர் டிஸ்பென்சரியில எழுதின துண்டுதான் காரணமாம். புள்ள ரெண்டு நாளாச் சாப்பிடல்ல."

படித்துவிட்டு நான் போட்ட சத்தத்தில், அம்பிளாந்துறைக் கரையில் கட்டிக்கிடந்த தோணி கயிற்றை அறுத்துக்கொண்டு வாவியைக் கடந்து எங்கள் துறைக்கு வந்து நின்றது. அக்கரைப் படுவான்கரை எருமைகள் அன்று பால் கறக்கவில்லை, பயத்தில் நேரே தயிராகவே கறந்தனவாம். நம்பாவிட்டால் உன் மாமியைக் கேள். வேண்டாம், அவளைக் கேட்காதே. என் பேச்சில் முக்கால்வாசியை வெட்டி எறிவதுதான் அவளுக்குத் தொழில்.

குற்றவாளி யார்? டிஸ்பென்சரி அப்போதிக்கரி வல்லிபுரம். வேறு யார்? நாளைக்குச் சரித்திரம் எழுதுகிறவர்கள் பிழைவிடக் கூடாது என்பதற்காக நடந்ததை ஒழுங்காக எழுதிவைக்கிறேன். எங்கள் கோயில் அறுப்புத் திருநாளுக்கு நீ வெள்ளிக்கிழமை பின்னேரம் பஸ்ஸில் வந்திறங்கினாய். சனிக்கிழமை விடிந்ததும் வாந்தி. ஞாயிறு ஆராதனை முடிந்து நான் கோயில் முற்றத்தில் காணிக்கைப் பொருட்களை ஏலம் கூறிக்கொண்டு நின்றேன். பத்தொன்பது வருஷமாக அந்த ஏலத்தைக் கூறுகிறவன் நான் ஒருவன்தான் என்பது உனக்குத் தெரியும். கிரானிலிருந்து வந்த பூசணிக்காய் ஒன்றை, "நோவாவின் பேழையிலிருந்து இறங்கிய வித்து இது" என்று விலை ஏற்றிக்கொண்டிருக்கும்போது உன் மாமி தலைவிரி கோலமாக ஓடிவந்தாள். பூசணிக்காயைக் கைவிட்டேன். அது விழுந்த இடத்தில் இப்போது ஒரு குளம் இருக்கிறது.

வீட்டில் உன் கழுத்து வில்லாக வளைந்து பின்னால் போயிருந்தது. கண் இரண்டும் முகட்டில் நட்டுக்கொண்டு நின்றன. வண்டிலில் ஏற்றி டிஸ்பென்சரிக்குக் கொண்டுபோனோம். அந்த வல்லிபுரம் உன் கழுத்தை ஒருமுறை அமத்திப் பார்த்தார், தன் மீசையை இரண்டு முறை தடவிப் பார்த்தார், மூளைக்காய்ச்சல் என்று எழுதினார். அம்புலன்ஸ் வந்தது. ஆறு நாள் பெரிய ஆஸ்பத்திரியில் கிடந்தாய். அங்கே, மூளைக்காய்ச்சல் இல்லவே இல்லை என்று சொல்லி எழும்பி நடக்கவிட்டார்கள். அப்படியென்றால், இல்லாத வருத்தத்தை எழுதிய அந்தக் கையை என்ன செய்வது?

நாளை மறுநாள் போகிறேன். மீசையில் ஒரு பக்கத்தை நானே வழிப்பேன். மற்றப் பக்கத்தை அரசாங்கக் கச்சேரி வாசலில் ஏலம் விடுவேன். நீ அழாதே. சாப்பிடு.

உன் மாமன்,
மத்தேயு

•

மட்டக்களப்பு
24.03.1964

மாமாவுக்கு,

பீற்றிஸ் எழுதுவது. "அன்புள்ள" என்று தொடங்கி வெட்டிவிட்டேன். வெட்டின இடம் உங்களுக்குத் தெரியட்டும் என்றுதான் வேறு தாள் எடுக்கவில்லை.

வல்லிபுரம் ஐயாவின் மீசையைத் தொடாதீர்கள். அவர் எழுதியதெல்லாம் நீங்கள் சொன்னது.

நான் நினைவில்லாமல் கிடந்தேன் என்றா நினைத்தீர்கள்? கழுத்துத்தான் என் சொல் கேட்கவில்லை. கண் முகட்டை விட்டு இறங்கவில்லை. நாக்கு செங்கல் மாதிரிக் கிடந்தது. காது நல்லாக இருந்தது மாமா. டிஸ்பென்சரி வாங்குப் பலகையில் கிடந்து ஒரு சொல் விடாமல் கேட்டேன்.

"எத்தின நாளாக் காய்ச்சல், மத்தேயு?" என்று அவர் கேட்டார்.

"அஞ்சு நாள் ஐயா!"

வெள்ளி வந்தவள், ஞாயிறு. எந்தப் பஞ்சாங்கத்தில் அது ஐந்து நாள்?

"எவ்வளவு இருந்தது?"

"நெத்தியில பப்படம் வச்சாப் பொரியும் ஐயா. நூத்திரெண்டு... நூத்திநாலு... இண்டைக்கு வெள்ளனா நூத்தியாறு!"

உங்கள் வீட்டில் தேமாமீற்றரே கிடையாது. அவர் தன்னுடையதை என் கக்கத்தில் வைத்து எடுத்துப் பார்த்துவிட்டு, "இதில தொண்ணூத்தெட்டரைதானே காட்டுது?" என்று கேட்டார். அந்த இடத்திலாவது நிறுத்தியிருக்கலாம். நீங்கள் என்ன சொன்னீர்கள்?

"அது இப்ப ஐயா! வாற வழியில மூணு குடம் தண்ணி ஊத்தித்தான் கொண்டுவாறம். அதாலதான் இறங்கிக் கிடக்கு."

என் தலைமயிர் காய்ந்து கிடந்தது. அவர் அதைப் பார்க்கவில்லை. உங்கள் வாயைப் பார்த்துக்கொண்டு எழுதினார்.

"வலிப்பு வந்ததோ?"

"வலிப்போ? கட்டில் நடந்து வாசலுக்கு வந்திற்று ஐயா!"

நான் "இல்லை, இல்லை" என்று கத்தினேன். வெளியில் வந்தது "ங்ங், ங்ங்" என்ற சத்தம். "பாருங்க ஐயா, பினாத்துறாள்" என்றீர்கள். அவர் அதையும் எழுதினார். பூசணிக்காயை ஏற்றின அதே குரலில் என் காய்ச்சலை ஏற்றினீர்கள் மாமா. நூற்றாறு டிகிரி ஒரு தரம், இரண்டு தரம் என்று கூறாததுதான் குறை.

இனிச் சொல்லப்போவதைக் கவனமாகப் படியுங்கள். இங்கே புதிதாக வந்த இளம் டொக்டர் ஒருவர்தான் என்னைத் திங்கட்கிழமை பார்த்தார். முள்ளந்தண்டில் ஊசி போட்டு எடுத்த நீர் கிணற்றுத் தண்ணீர் போலத் தெளிவாக இருந்தது. கிருமியும் இல்லை, மூளையைச் சுற்றியுள்ள சவ்வில் அழற்சியும் இல்லை. "கழுத்து விறைச்சதெல்லாம் மூளைக்காய்ச்சல் இல்ல. அதே வேஷத்தில வேற வருத்தமும் வரும். சின்னப் பிள்ளைகளுக்கு நெஞ்சுக் காய்ச்சலிலயும் வரும். இளம் ஆக்களுக்குச் சில வாந்திக் குளிசை ஒத்துக்கொள்ளாட்டியும் இப்படிக் கழுத்தை இழுத்து, கண்ணை மேல சொருகும்" என்றார். ஓர் ஊசி போட்டார். அரை மணித்தியாலத்தில் என் கழுத்து என்னிடம் திரும்பி வந்தது.

பிறகு கேட்டார்: "ஏதும் குளிசை குடிச்சீங்களோ?" சனிக்கிழமை காலை நீங்கள் தந்த அந்தச் சின்ன வெள்ளைக் குளிசையைச் சொன்னேன். பெயர் தெரியாது என்றேன்.

நேர்ஸ் படிப்புக்கு மூன்றாவது முறையாக மனுப் போட்டுத்தான் எடுபட்டேன். அடுத்த வருஷம் எனக்கு வயது கடந்துவிடும். ஏப்ரல் இருபதாம் திகதி வகுப்புத் தொடங்குகிறது. டொக்டர் எனக்காக எழுதித் தர ஆயத்தம். ஆனால் ஐந்து நாள், நூற்றாறு, வலிப்பு, பினாத்தல் என்று ஒரு தாள் நேர்ஸ் பள்ளிக் கோப்பில் கிடக்கும்வரை தன் எழுத்து நிற்காது என்கிறார். அந்தத் தாளில் உள்ளதைச் சொன்னவரே அது இல்லையென்று எழுதித் தரவேண்டும். குளிசையைத் தந்தவரே பெயரையும் எத்தனை என்பதையும் எழுதித் தரவேண்டும். இரண்டும் நீங்கள்தான். ஏப்ரல் பத்துக்குள் வேண்டும்.

என்ன குளிசை? எத்தனை? கேட்டது இரண்டு கேள்வி. எருமைகளைக் கொண்டுவராமல் பதில் எழுதுங்கள்.

பீற்றிஸ்

•

குருக்கள்மடம்
28.03.1964

மகாகனம் பொருந்திய நீதவான் பீற்றிஸ் அம்மையார் அவர்களுக்கு,

நாளை உயிர்த்த ஞாயிறு. கோபத்தோடு கோயிலுக்குப் போகக்கூடாது. அதனால் உள்ள கோபத்தையெல்லாம் இன்று இந்தத் தாளில் இறக்கிவிட்டுப் போகப்போகிறேன். தாள் தீப்பற்றினால் என்னைக் குறைசொல்லாதே.

உன் கடிதம் வருவதற்கு முதலே நான் டிஸ்பென்சரிக்குப் போய்விட்டேன். சவரக் கத்தியும் சவர்க்காரமும் மடியில். மூவாயிரம் நோயாளிகள் வரிசையில் நிற்கிறார்கள். (முப்பது என்பாள் உன் மாமி.) "எடும் ஐயா அந்தப் புத்தகத்தை!" என்று ஓர் உறுமல் உறுமினேன். வல்லிபுரம் எடுத்தார். மூக்குக் கண்ணாடியைப் போட்டார். உரத்து வாசித்தார். "மத்தேயு சொன்னபடி ஐந்து நாள் காய்ச்சல். மத்தேயு சொன்னபடி நூற்றாறு. மத்தேயு சொன்னபடி மூன்று குடம் தண்ணீர்." ஒவ்வொரு வரிக்கும் முன்னால் என் பெயர், கல்லறையில் வெட்டினது மாதிரி. கட்டில் நடந்த இடம் வந்ததும், மீன்கூடையோடு நின்ற இரத்தினம்மா, "மத்தேயண்ண, அந்தக் கட்டில் இப்ப எந்த ஊரில நிக்கிது?" என்று கேட்டாள். சனம் சிரித்த சிரிப்பில் ஓடு கழன்றது. நான் சவர்க்காரத்தை மட்டும் அங்கே மறந்து வைத்துவிட்டு வீரமாகத் திரும்பி வந்தேன்.

சரி. சொன்னேன். நான்தான் சொன்னேன். ஏன் சொன்னேன் என்று கேட்டாயா நீ?

போன மாரியில் நல்லரத்தினத்தின் பெண்சாதியை அதே வாங்கில் கொண்டுவந்து கிடத்தினார்கள். வாய்செத்த பிள்ளை. "கொஞ்சம் தலையிடி ஐயா, கழுத்தும் கொஞ்சம் நோ" என்று உள்ளதை உள்ளபடி சொன்னாள். இரண்டு குளிசை கொடுத்து வீட்டுக்கு அனுப்பினார்கள். மூன்றாம் நாள் பெட்டிக்குப் பலகை அறுத்தவன் நான். உன் கழுத்து அதே மாதிரி விறைத்து நின்றதைக் கண்டபோது எனக்கு அந்தப் பலகைதான் கண்ணுக்குள் நின்றது. "கொஞ்சம் கழுத்து நோ" என்றால் தைலம் பூசி அனுப்புவார்கள். நூற்றாறு என்றால் அம்புலன்ஸ் வரும். வந்ததா இல்லையா? உள்ளதைச் சொன்னவள் குழிக்குள் கிடக்கிறாள். பொய் சொன்னவனுடைய மருமகள் எழும்பி உட்கார்ந்து அவனுக்கே கடிதத்தில் ஏசுகிறாள். ஏசு. நல்லாக ஏசு. ஏச உயிர் இருக்கிறதே, அது என் நூற்றாறு வாங்கித் தந்தது!

இப்போது நான் அதை எழுத்தில் இல்லை என்று சொல்ல வேண்டுமாம். கோயில் மூப்பன், பத்தொன்பது வருஷ ஏலக்காரன், "நான் சொன்னது பொய்" என்று கையெழுத்து வைக்க வேண்டுமாம். அடுத்த வருஷம் நான் ஒரு வாழைக்குலையைத் தூக்கினால் எவன் விலை கேட்பான்?

குளிசையைப் பற்றிக் கேட்டாய். ஒன்று. ஒரேயொன்று. கடுகளவு. எறும்பு விழுங்கினாலும் ஏப்பம் விடாது. பெயர் தெரியாது, போத்தலில் லேபல் கரைந்துவிட்டது. அந்த இளம் டொக்டருக்குத் தன் ஊசியின் பெருமை சொல்ல ஒரு கதை வேண்டியிருக்கிறது. அதற்கு நானா வில்லன்?

கோபத்துடன்,
மத்தேயு

•

மட்டக்களப்பு
01.04.1964

மாமாவுக்கு,

நேற்று மாமி முட்டையும் தயிரும் கொண்டு வந்தா. அம்மாவோடு கதைத்துக்கொண்டிருந்தவ, "அந்த மனுசன் கொத்தமல்லித் தண்ணிக்க குளிசைய இடிச்சுப் போட்டுக் குடுத்தது புள்ளைக்குத் தெரியுமோ?" என்று கேட்டா. நான் அறைக்குள் இருந்தது அவவுக்குத் தெரியாது. நான் வெளியில் வந்ததும் தலையில் கை வைத்துக்கொண்டு நிலத்தில் இருந்துவிட்டா. அவவை ஏசாதீர்கள். உங்கள் வீட்டில் உள்ளதை உள்ளபடி சொல்ல அவ ஒருத்திதான் இருக்கிறா.

சனிக்கிழமை பகல் ஒரு தரம். பின்னேரம் ஒரு தரம். ஞாயிறு வெள்ளனா ஒரு தரம். கொத்தமல்லித் தண்ணீர் கைக்கிறது என்று நான் சொன்னேன். "சுக்குக் கூடிப்போயிற்று புள்ள, கண்ணை மூடிக் குடி" என்றீர்கள். நான் கண்ணை மூடிக் குடித்தேன்.

எல்லாவற்றையும் பெருப்பிக்கிற நீங்கள் இந்த ஒன்றை மட்டும் ஏன் மாமா சுருக்கினீர்கள்?

நானே சொல்கிறேன். என்னைக் கேட்காமலே நீங்கள் ஊருக்குச் சொல்லி வைத்திருந்தீர்கள். நேர்ஸ் படிப்புக்கு எடுபட்ட மருமகள் திருநாளில் வெள்ளைச் சட்டையோடு முதல் நெற்கட்டைப் பீடத்துக்குக் கொண்டுவருவாள் என்று. மாமி சொன்னா, டொக்டருக்கு ஒரு படி கீழே என்றுகூடச் சொன்னீர்களாம். நான் ஞாயிற்றுக்கிழமை எழும்பி நிற்க வேண்டும். அதற்காக இடித்தீர்கள். உங்களுக்குப் பூசணிக்காயும் நானும் ஒன்றுதான். தூக்கிக் காட்ட வேண்டும்.

அம்புலன்ஸ் வந்தது உங்கள் நூற்றாறுக்காகத்தான். ஒத்துக்கொள்கிறேன். நல்லரத்தினம் அண்ணனின் வீட்டில் நடந்தது எனக்கும் தெரியும். அன்று உங்களுக்குப் பயம் என்றால் அது நியாயம். அம்புலன்ஸ் வந்து நின்ற பிறகாவது, கூட ஏறி வந்த அந்த வழியிலாவது, குளிசையைப் பற்றி ஒரு சொல் சொல்லியிருக்கலாமே. ஆஸ்பத்திரி வாசலில் பெரிய டொக்டர் கேட்டபோதும் "அஞ்சு நாள், நூத்தியாறு" என்றுதானே சொன்னீர்கள்? அப்போதும் ஏலம் முடியவில்லையா?

அது எனக்கு என்ன செய்தது என்று தெரிந்துகொள்ளுங்கள். என்னை இறால் மாதிரி வளைத்துப் பிடித்து முதுகில் ஊசி போட்டார்கள். தெளிந்த நீர் வந்தது. "நூற்றாறு காய்ச்சல் காய்ஞ்ச ஆளுக்கு நீர் இப்படி வராதே" என்று நம்பாமல் செவ்வாய்க்கிழமை இன்னொரு தரம் வளைத்தார்கள். இளம் டொக்டர் வேண்டாம் என்று சொல்லியும், கோப்பில் உள்ளதை வைத்துப் பெரியவர் பெனிசிலினை நிறுத்தவிடவில்லை. நாலு மணித்தியாலத்துக்கு ஒன்று. முப்பத்தொரு ஊசி. நான் எண்ணினேன். இல்லாத கிருமிக்கு முப்பத்தொன்று. இருக்க முடியாது, சரிந்து படுக்க முடியாது. ஆறாம் நாள் நான் நடந்து வெளியில் வந்தபோது நீங்கள் வாசலில் நின்று கண்டவனிடமெல்லாம், "மரணத்தின் வாயிலிருந்து பல்லைப் பிடுங்கிக்கொண்டு வந்திட்டம்" என்றீர்கள்.

இனி உங்களிடம் எனக்குக் கதையில்லை. ஒரு தாள்தான் வேண்டும். ஒன்பது நாள் இருக்கிறது.

பீற்றிஸ்

•

குருக்கள்மடம்
04.04.1964

மருமகளே,

என்னைக் கொல். கடிதத்தில் கொல்லாதே, நேரில் வந்து கொல். வாளை நானே தீட்டி வைக்கிறேன்.

மாமி எல்லாவற்றையும் உனக்குச் சொல்லிவிட்டதாக என்னிடமும் சொல்லிவிட்டாள். மூன்று நாள் அன்னம் தண்ணி இறங்கவில்லை. (இரண்டு நேரம் என்பாள்.) நான் அழுத கண்ணீரில் வாவி ஒரு முழம் ஏறி, வயல்வட்டைக்குள் தண்ணீர் புகுந்து, விவசாயிகள் என்னைத் தேடிக்கொண்டிருக்கிறார்கள். நீ கேட்ட தாளை இதோடு வைத்திருக்கிறேன். பிரதி உனக்காகக் கீழே:

"மேன்மை தங்கிய டொக்டர் துரை அவர்களின் பொற்பாதங்களுக்கு, யூதாசிலும் இழிந்தவனும், ஏரோதிலும் கொடியவனுமாகிய மத்தேயு என்னும் பாவி எழுதிக்கொள்வது. சொந்தத் தங்கையின் ஒரே மகளுக்கு, பாலூட்டி வளர்த்த கிளிக்கு, நஞ்சை வைத்தவன் நான். ஒன்றல்ல, இரண்டல்ல, ஒரு போத்தல் நிறைய, நாற்பது குளிசைகளை உரலில் இட்டு உலக்கையால் இடித்துப் புகட்டினேன். அவளுக்குக் காய்ச்சல் என்பது கனவிலும் இருந்ததில்லை. அவள் உடம்பு ஐஸ்கட்டி போலக் குளிர்ந்திருந்தது. அவள் கழுத்தை வளைத்தது கிருமியல்ல, இந்தக் கொலைகாரனின் கை. என்னைத் தூக்கில் இடுங்கள், அவளைப் பள்ளியில் இடுங்கள்."

இதைவிட ஒரு மனிதன் தன்னைத் தாழ்த்த முடியாது. இதைப் படித்துவிட்டு உன்னை எடுக்காவிட்டால் அந்தக் கட்டடத்தின் கல்லே கரைந்துவிடும். இனியாவது "அன்புள்ள" போடு.

உன் பாவப்பட்ட மாமன்,
மத்தேயு

•

மட்டக்களப்பு
07.04.1964

மாமா,

டொக்டர் உங்கள் தாளைப் படித்தார். முதலில் சிரித்தார். பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்தினார். "நாப்பது குளிசை உள்ளுக்குப் போன ஆள் இப்படி எனக்கு முன்னால இருந்து கதைக்க மாட்டா, மிஸ். இதை நான் அனுப்பினா உங்களையும் நம்பமாட்டாங்க, என்னையும் நம்பமாட்டாங்க" என்று திருப்பித் தந்தார். நான் அந்த அறையை விட்டு வெளியில் வந்து, ஆட்கள் பார்க்கப் பார்க்க, வராந்தாவில் நின்று அதைக் கிழித்தேன்.

குற்றத்தை ஒத்துக்கொள்ளும்போதும் உங்களுக்கு மேடையும் சனமும் வேண்டும். அன்று குறைத்துச் சொன்னதில் நான் இல்லை. இன்று கூட்டிச் சொன்னதிலும் நான் இல்லை. இரண்டிலும் நீங்கள்தான் நிற்கிறீர்கள், கையை வீசிக்கொண்டு.

நூற்றாறு காய்ச்சலும் எனக்கு வேண்டாம், ஐஸ்கட்டி உடம்பும் வேண்டாம். எனக்கு நடந்தது, எனக்கு நடந்த அளவில் வேண்டும். அதற்குக் கூடவும் வேண்டாம், குறையவும் வேண்டாம். அதைத் தர உங்களால் முடியாது என்றால் முடியாது என்று ஒரு வரி எழுதுங்கள். அம்மாவுடைய தையல் மெசினில் இருந்து சட்டை தைக்கப் பழகிக்கொள்கிறேன்.

மூன்று நாள்.

பீற்றிஸ்

•

குருக்கள்மடம்
09.04.1964

பீற்றிஸ் பிள்ளைக்கு,

காலை பஸ்ஸில் கொண்டக்டரிடம் இதையும் போத்தலையும் கொடுத்து விடுகிறேன். கீழே உள்ளதை வல்லிபுரம் ஐயாவுக்கு முன்னால் இருந்து எழுதினேன். ஏழு தாள் கிழிந்தது. ஒவ்வொரு தாளையும் அவர் வாசித்து, "இது நடந்ததோ, மத்தேயு?" என்று மட்டும் கேட்டார். இது எட்டாவது. இதை வாசித்தபோது அவர் அந்தக் கேள்வியைக் கேட்கவில்லை. சாட்சிக் கையெழுத்து வைத்தார்.

டொக்டர் அவர்களுக்கு,

பீற்றிஸ் என் தங்கையின் மகள். 06.03.1964 வெள்ளிக்கிழமை பின்னேரம் என் வீட்டுக்கு வந்தாள். அன்று சுகமாக இருந்தாள்.

சனிக்கிழமை காலை மூன்று முறை வாந்தி எடுத்தாள். காலை எட்டு மணிபோல் ஒரு குளிசை கொடுத்தேன். அது என் தலைச்சுற்றுக்குப் போன வருஷம் கொழும்பில் வாங்கியது. அவளுக்குத் தெரியாமல் கொத்தமல்லித் தண்ணீரில் இடித்துப் பகல் ஒன்று, பின்னேரம் ஒன்று, ஞாயிறு விடியற்காலை ஒன்று கொடுத்தேன். மொத்தம் நாலு. போத்தலில் எழுதியிருப்பது அரைக் குளிசை, ஒரு நாளைக்கு இரண்டு முறை. லேபல் கரைந்ததாகச் சொன்னது பொய். போத்தலை அனுப்புகிறேன். குளிசையின் பெயர் அதில் இருக்கிறது.

ஞாயிறு பகல் பத்து மணிக்குப் பிறகு அவளுடைய கழுத்து பின்னால் இழுத்தது. கண் மேலே நின்றது. பேச முடியவில்லை. வலிப்பு வரவில்லை. தண்ணீர் ஊற்றவில்லை. அவள் பினாத்தவில்லை. ஏதோ சொல்ல முயன்றாள், எனக்கு விளங்கவில்லை.

ஐந்து நாள் காய்ச்சல், நூற்றாறு டிகிரி என்று டிஸ்பென்சரியிலும் ஆஸ்பத்திரியிலும் சொன்னவன் நான். அவை நான் அளந்தவை அல்ல. அவளுக்குக் காய்ச்சல் இருந்ததா இல்லையா என்பது எனக்குத் தெரியாது. அவள் நெற்றியில் நான் கை வைத்துப் பார்க்கவில்லை. செத்துப்போவாள் என்ற பயத்தில் கை போகவில்லை.

இ. மத்தேயு
சாட்சி: க. வல்லிபுரம், அப்போதிக்கரி

•

நேர்ஸ்மார் விடுதி
22.04.1964

மாமா,

திங்கட்கிழமை சேர்ந்துவிட்டேன். நுளம்பு வலை ஓட்டை. சோறு பரவாயில்லை. காலை ஐந்து மணிக்கு மணி அடிக்கிறார்கள்.

டொக்டர் உங்கள் தாளில் ஒரு சொல்லும் மாற்றாமல் தன் கடிதத்தோடு சேர்த்து அனுப்பினார். அவர்கள் பழைய தாளின் மேல் குறுக்காக ஒரு கோடு போட்டுக் கையெழுத்து வைத்திருக்கிறார்கள். நான் கண்ணால் பார்த்தேன்.

என் கோபம் தீர்ந்துவிட்டது என்று நினைக்காதீர்கள். இடுப்பில் ஊசி ஏறின இடம் இன்னும் குனியும்போது வலிக்கிறது. நினைத்துக்கொண்டால் எழுதுகிற பேனாவை எறியலாம் போலிருக்கிறது. மாமியைப் பார்க்க லீவில் வருவேன். உங்களோடு கதைப்பேனா என்பது அன்றைக்குத்தான் தெரியும்.

ஒன்று சொல்ல வேண்டும். முதல் நாள், நேர்ஸ்மாருக்குப் பொறுப்பான மேற்றன் என்னைத் தன் அறைக்குக் கூப்பிட்டா. மேசையில் உங்கள் தாள் கிடந்தது. இரண்டு தரம் வாசித்தா. கடைசி வரியில் விரலை வைத்தா. பிறகு நிமிர்ந்து, "உங்கட மாமா எப்பவும் இப்படி அளந்துதான் கதைக்கிறவரோ?" என்று கேட்டா.

நான் "ஓம்" என்றேன்.

பீற்றிஸ்